புளுகு தங்கராஜும் டிரைவர் எறும்பும்

என் உயிர் மாப்ள தங்கராஜுக்கு,

நீ போய் அடுத்த மாதம் ஒரு வருஷம் ஆகப் போகிறது. இருந்த காலத்தில் உனக்கு ஒரு கடுதாசி கூட நான் போட்டதில்லை. எட்டு வருஷம் கேமரூனில் மரக்கம்பெனியில் கிடந்தாய், அப்போதும் போன்தான். அதிலும் "என்னலே, சாப்ட்டியா? சரி, வை" என்பதைத் தாண்டிப் பேசினதில்லை. இப்போது விலாசமே இல்லாத ஊருக்கு நீ போன பிறகு எழுத உட்கார்ந்திருக்கிறேன். நேரில் கேட்க வேண்டிய மன்னிப்பைத் தள்ளிப்போட்டால் இப்படித்தான் ஊர் பார்க்க எழுத வேண்டியிருக்கும்.

முதலில் வீட்டுச் சேதி. உன் பெண்டாட்டி, அதாவது என் தங்கச்சி வசந்தி, கொஞ்சம் தெளிந்திருக்கிறாள். மகள் கோயம்புத்தூரில் வேலைக்குச் சேர்ந்துவிட்டாள், வாரம் ஒரு தடவை போன் பண்ணி அம்மாவை அதட்டுகிறாள். உன் பைக் என்னிடம்தான் இருக்கிறது. பிரேக்கே இல்லாத அந்த வண்டியை நீ எப்படி ஓட்டினாய்? நான் தூத்துக்குடித் துறைமுகத்துப் பக்கம் அதே மரயார்டில்தான், ஆப்பிரிக்காவிலிருந்து வந்து இறங்கும் உருட்டுமரங்களைச் சுற்றளவு பிடித்து நம்பர் போட்டுக்கொண்டிருக்கிறேன். வெயிலும் அதே வெயில்தான். உனக்காக ஒரு டிகிரி கூடத் துக்கம் அனுஷ்டிக்கவில்லை.

விஷயத்துக்கு வருகிறேன். உன் வருஷ நினைவு நாளுக்கு மில்லர்புரம் முக்கில் பிளக்ஸ் வைக்க வேண்டும். அதில் உன் பட்டப்பெயரைப் போடுவதாக இருந்தால் பிளக்ஸே வேண்டாம் என்று வசந்தி சொல்லிவிட்டாள்.

"இருவது வருசமா புளுகு பொண்டாட்டின்னு கேட்டது போதும்ணே. செத்த பொறவும் அவுக தலைக்கு மேல புளுகுன்னு எழுதுனா மண்ணெண்ணெய ஊத்திக் கொளுத்திருவேன்" என்றாள். பிளக்ஸைத்தான் சொன்னாள் என்று நினைக்கிறேன். என்னைப் பார்த்துக்கொண்டே சொன்னதால் கொஞ்சம் சந்தேகம் இருக்கிறது.

பட்டப்பெயர் இல்லாமல் போட்டால் என்ன என்று இதைப் படிக்கும் வெளியூர்க்காரர்கள் கேட்கலாம். எங்கள் தெருவில் நாலு தங்கராஜ். ஒரே தாத்தாவின் பெயரை நாலு பேரன்களுக்கும் வைத்ததன் பலன். லாரி தங்கராஜ், மிக்சர் தங்கராஜ், மாடிவீட்டுத் தங்கராஜ், அப்புறம் நீ. வெறும் தங்கராஜ் என்று ஒருவர் இந்தத் தெருவில் கிடையாது.

நீ போன அன்று நடந்த கூத்தை உனக்கு யார் சொல்லியிருக்கப் போகிறார்கள்? வசந்தி அழுகைக்கு நடுவிலும் "அந்தப் பேரு வேண்டாம்" என்று கையெடுத்துக் கும்பிட்டாள். சரியென்று வெறும் தங்கராஜ் என்று பிளக்ஸ் அடித்தோம். போட்டோவுக்கு உன் கல்யாணப் படத்தைத் தேடி எடுத்துக் கொடுத்தாள். கல்யாணப் படத்தில் எல்லா மாப்பிள்ளையும் ஒரே ஆள்தானே? அதே மீசை, அதே மாலை, அதே திருதிரு முழி.

விளாத்திகுளத்திலிருந்து தூரத்துச் சொந்தக்காரர்கள் ஒரு வேன் நிறைய வந்தார்கள். தெருமுக்கில் "தங்கராஜ் வீடு எது?" என்று கேட்டார்கள். எவனோ கையைக் காட்டினான். பெண்கள் எல்லாரும் நேரே லாரி தங்கராஜ் வீட்டுக்குள் நுழைந்து, அடுப்படியில் நின்ற அவர் சம்சாரத்தைக் கட்டிப்பிடித்து ஒப்பாரியைத் தொடங்கிவிட்டார்கள். அந்தம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை. "தங்கராசு போயிட்டியே" என்று பத்துப் பேர் அழுதால் எந்தப் பெண்டாட்டிதான் நிதானமாக விசாரிப்பாள்? அவளும் மாரில் அடித்துக்கொண்டு அழ ஆரம்பித்துவிட்டாள்.

அப்போதுதான் லாரி தங்கராஜ் குளித்துவிட்டு இடுப்பில் துண்டோடு வெளியே வந்தார். தன் பெண்டாட்டி தன் பெயரைச் சொல்லி அழுவதைக் கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு, "ஏளா, எனக்கு என்னளா ஆச்சு?" என்று கேட்டாராம்.

அந்த மனுஷன் அதை இன்னும் மன்னிக்கவில்லை. பதினாறாம் நாள் பிளக்ஸிலும் நாங்கள் வெறும் தங்கராஜ் என்றே போட்டதைப் பார்த்து, கறுப்பு மையோடு வந்து, உன் பெயருக்கு முன்னால் 'புளுகு' என்று தன் கையாலேயே கொட்டை எழுத்தில் எழுதிவிட்டுப் போனார். உயிரோடிருக்கும் உரிமை என்று ஒன்று இருக்கிறதே, அவரையும் குறை சொல்ல முடியாது.

அந்தப் பெயரை உனக்கு வைத்த மகாபாவி நான்தான். உனக்கு ஞாபகம் இருக்கும். கேமரூன் வேலையை முடித்துக்கொண்டு நீ வந்த வாரம், எங்கள் வீட்டில் விருந்து. இலையில் ஆட்டுக்கறி, சுற்றி இருபது பேர், நடுவில் நீ. டிரைவர் எறும்பு என்று ஆரம்பித்தாய்.

"லட்சக்கணக்குல வரும் மச்சான், ரோட்டுக்குத் தார் ஊத்துன மாதிரி கறுப்பா. ஒண்ணுக்கும் கண்ணு கிடையாது."

"கண்ணு தெரியாத டிரைவரா? நம்ம மினிபஸ்ஸுலயே உண்டே" என்றார் மாடிவீட்டுத் தங்கராஜ். பந்தி சிரித்தது. நீயும் சிரித்துவிட்டுத் தொடர்ந்தாய். அந்தக் கூட்டம் நீங்கள் தங்கியிருந்த குவார்ட்டர்ஸுக்குள் வந்ததும் எல்லாரும் ஆட்டை அவிழ்த்துவிட்டு, கோழிக் கூண்டைத் திறந்துவிட்டு, பாயைச் சுருட்டிக்கொண்டு வெளியே போய் நின்றீர்களாம். சில மணி நேரம் கழித்து எறும்பு தன்பாட்டுக்குப் போய்விட்டதாம். உள்ளே போய்ப் பார்த்தால் ஒரு கரப்பான் இல்லை, ஒரு எலிக்குஞ்சு இல்லை, ஓட்டு இடுக்கில் ஒரு தேள் இல்லையாம். "துடைச்சு வச்ச மாதிரி மச்சான். அங்கன உள்ள ஆளுவ அது வந்தாச் சந்தோசப்படுவானுவ" என்றாய்.

அதோடு விட்டாயா? அதில் ஆண் எறும்பு இறக்கை வைத்த பேரீச்சம்பழம் மாதிரி இருக்கும் என்றாய். கடைசியாக முழங்கைக்குக் கீழே இருந்த தழும்பைக் காட்டி, காட்டில் வெட்டுப்பட்டபோது அந்த எறும்பைப் பிடித்துக் காயத்தின் இரண்டு ஓரத்தையும் கடிக்க வைத்து, உடம்பைக் கிள்ளி எறிந்துவிட்டுத் தலையை மட்டும் தையலாக விட்டுவிட்டார்கள் என்றாய்.

அப்போதுதான் நான் வாயைத் திறந்தேன். "ஏலே மாப்ள, புளுகுததுக்கும் ஒரு அளவு இருக்குல்லா! தங்கராஜு இல்லலே நீ, புளுகு தங்கராஜு!"

சாயங்காலம் டீக்கடையில் "புளுகு அண்ணாச்சிக்கு ஒரு டீ" என்று சத்தம் கேட்டது. நம் ஊரில் குடிதண்ணீர் வர வாரம் ஆகும், பட்டப்பெயர் வர ஒரு பொழுது போதும்.

நீ சிரித்துக்கொண்டே அந்த டீயை வாங்கிக் குடித்தாய். அப்புறம் இருபது வருஷமும் சிரித்துக்கொண்டேதான் இருந்தாய். ஆனால் கடைசி ரெண்டு வருஷம் நீ எந்தக் கதையும் சொன்னதாக எனக்கு ஞாபகமே இல்லை. விசேஷ வீடுகளில் இலையைப் பார்த்துச் சாப்பிட்டுவிட்டுக் கையைக் கழுவப் போனாய். அப்போது நான் கவனிக்கவில்லை. உனக்கு வலித்ததா மாப்ள?

மூன்று மாதத்துக்கு முன்னால் கேமரூன் மரம் ஒரு கப்பல் வந்தது. புகைமருந்து அடித்து முடித்து யார்டில் இறக்கியிருந்தார்கள். நான் ஒரு மரத்தைச் சுற்றி டேப்பைப் போடுகிறேன், பட்டை இடுக்கில் என்னவோ செத்து ஒட்டிக்கொண்டிருக்கிறது. கட்டைவிரலுக்குக் கொஞ்சம் சின்னது. செம்பழுப்பு நிறம், உருண்டு நீண்ட வயிறு, நாலு இறக்கை. நீ சொன்ன பேரீச்சம்பழம் இறக்கையோடு என் எதிரே கிடந்தது. டேப்பைக் கீழே போட்டுவிட்டு அந்த மரத்தின் மேலேயே உட்கார்ந்துவிட்டேன்.

வெளிநாட்டு மரத்தில் பூச்சி வருகிறதா என்று பார்க்க ஒரு ஆபீசர் அம்மா வருவார். ஆழ்வார்திருநகரிக்காரர், வயல்காட்டுக் குடும்பம், பூச்சிகளைப் பற்றியே படித்தவர். ஓடிப்போய்க் கூட்டிவந்தேன். லென்ஸை வைத்துப் பார்த்துவிட்டு, "இது டோரிலஸ். டிரைவர் ஆன்ட்ல ஆண். வெளிச்சத்துக்குப் பறந்து வரும். அங்க மரம் ஏத்துற இடத்துல லைட்டுக்கு வந்து மாட்டியிருக்கும். செத்துதான் கிடக்கு, பயப்படாதீங்க அண்ணாச்சி" என்றார்.

"மேடம், நெசமாவே இது எறும்புதானா?"

"எறும்புதான்."

நான் கோர்ட்டில் வக்கீல் கேட்கிற மாதிரி ஒவ்வொன்றாகக் கேட்டேன். "இதுக்குக் கண்ணு உண்டா?"

"ஆணுக்கு உண்டு. வேலைக்கார எறும்புக்குச் சுத்தமா கிடையாது. வாசனையும் தொடுறதும்தான் அதுக்கு வழி."

"வீட்டுக்குள்ள வந்தா எலி, கரப்பான் எல்லாம் காலியா?"

"காலிதான். ஓடி ஒளியத் தெரியாதது எல்லாம் போயிரும். கட்டிப்போட்ட ஆடு, அடைச்சு வச்ச கோழி மாட்டுனாப் பாவம். மனுசனுக்குப் பெருசா பயமில்ல. அது வர்ற வேகத்துக்கு நாம நடந்தே தப்பிச்சிரலாம்."

இன்னும் நிறையச் சொன்னார் மாப்ள, நீ கூடச் சொல்லாதது. நிரந்தரமாக ஒரு கூடு என்று கிடையாதாம். ஒரு இடத்தில் தீனி தீர்ந்தால் முட்டை, குஞ்சு எல்லாவற்றையும் வாயில் கவ்விக்கொண்டு கூட்டமே குடிபெயருமாம். போகிற வழிக்கு இரண்டு பக்கமும் பெரிய தாடைக்காரிகள் வாயைப் பிளந்துகொண்டு காவல் நிற்குமாம். தாடைக்காரிகள் என்றுதான் சொல்ல வேண்டும், ஏனென்றால் வேலை பார்ப்பது, சண்டை போடுவது அத்தனையும் பெண்தானாம். ராணிக்கு இறக்கையும் கிடையாது, கண்ணும் கிடையாது. உலகத்து எறும்பிலேயே அதுதான் ஆகப் பெரிய உடம்புக்காரி, மாதத்துக்கு லட்சக்கணக்கில் முட்டை.

ஆணின் கதைதான் பரிதாபம். அது பறந்து போய் இன்னொரு கூட்டத்தைக் கண்டுபிடித்தால், அங்கே உள்ள வேலைக்காரிகள் அதைப் பிடித்து, இறக்கையைப் பிய்த்து எறிந்துவிட்டு, ராணியிடம் இழுத்துக்கொண்டு போவார்களாம்.

"அதுக்குப் பொறவு அவரு கதி?"

"அவ்வளவுதான் அண்ணாச்சி. கொஞ்ச நாள்ல முடிஞ்சிரும்."

"கல்யாணம்னா அப்படித்தான் மேடம்" என்றேன். அவருக்கு அடுத்த மாதம் கல்யாணம் என்று அப்புறம்தான் தெரிந்தது.

உயிரோடு நாலு எறும்பு கப்பலில் இறங்கினால் தூத்துக்குடி என்ன ஆகும் என்றும் கேட்டேன். ராணி இல்லாமல் வந்தால் கொஞ்ச நாளில் தானாகச் செத்துவிடுமாம். ராணி பறக்காது என்பதால், கூட்டம் பெருகினால் பாகப்பிரிவினைதானாம். பாதிப் பேர் பழைய ராணியோடு, பாதிப் பேர் புது ராணியோடு நடந்தே பிரிந்து போவார்களாம். "இதோட பங்காளி ஒண்ணு நம்ம நாட்டுலயே இருக்கு. மண்ணுக்கு அடியிலயே கிடந்து நிலக்கடலையை ஓட்டை போடும்" என்றார். நீ எட்டு வருஷம் கடல் தாண்டிப் போய்ப் பார்த்ததன் சொந்தக்காரன் நம் காலடியிலேயே கிடந்திருக்கிறான்.

கடைசியாகத் தையல் விஷயத்தையும் கேட்டேன். கிழக்கு ஆப்பிரிக்கா பக்கம் அப்படி ஒரு வழக்கம் உண்டென்று படித்திருப்பதாகச் சொன்னார். அவ்வளவுதான், எனக்குக் கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டிவிட்டது. புகைமருந்து வாடை என்று நினைத்து, "மாஸ்க் போடுங்க அண்ணாச்சி" என்றார். பூச்சியை அவர் குப்பியில் போட்டு எடுத்துக்கொண்டு போய்விட்டார். நான் என் கட்டைவிரலைப் பக்கத்தில் வைத்து எடுத்த போட்டோ மட்டும் மிச்சம்.

மத்தியானச் சாப்பாட்டுக்குப் போகாமல் நேரே வசந்தியிடம் ஓடினேன். "ஏளா, உன் மாப்பிள்ள சொன்னது அத்தனையும் நெசம்! கண்ணில்லாதது நெசம், வீடு துடைச்சது நெசம், எறும்பு வச்சுத் தையல் போட்டது வரைக்கும் நெசம்!"

அவள் என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள். அப்புறம் சிரித்தாள் மாப்ள. நீ போன பிறகு அவள் சிரித்து அன்றைக்குத்தான் பார்த்தேன்.

"தையல் மட்டும் பொய்ணே" என்றாள்.

வயிற்றில் மகள் இருந்தபோது நீ லீவில் வந்தாயே, அப்போது நடந்ததாம். அவளுக்கு மீன் குழம்பு வேண்டும், ஆனால் மீன் கழுவும் வாடை வந்தால் குடலே வெளியே வருகிறது. நீ அடுக்களைக் கதவைச் சாத்திக்கொண்டு, அரிவாள்மணையில் சீலாவை வெட்டப் போய்க் கையை வெட்டிக்கொண்டாயாம். மூன்று தையலாம். மச்சான்மாருக்குத் தெரிந்தால் பொண்டாட்டிதாசன் என்று தெருவே சிரிக்கும் என்று அவளிடம் சத்தியம் வாங்கினாயாம். மே மாதத்துத் தூத்துக்குடியில் முழுக்கைச் சட்டையைப் பொத்தான் போட்டுக்கொண்டு அலைந்தாயே, அதற்கு இதுவா காரணம்? ஆப்பிரிக்கா பேஷன் என்றல்லவா நாங்கள் நினைத்தோம்!

"ஒரே ஒரு பொய்ணே, அதுவும் எனக்காவச் சொன்னது. அதுக்கா இந்தப் பேரு?" என்று கேட்டுவிட்டு, சிரித்த வாயோடு அழுதாள். இதை எழுதலாமா என்று நேற்றுக் கேட்டேன். "எழுதுங்க, இனிமே அவுகளுக்கு என்ன வெக்கம்?" என்றாள்.

அன்றைக்கு முடிவு பண்ணினேன். வருஷ நாளுக்குள் உன் பட்டப்பெயரை மாற்றுவது, 'எறும்பு தங்கராஜ்' என்று தெரு வாயால் சொல்ல வைப்பது. டீக்கடையில் தொடங்கினேன். போட்டோவைக் காட்டினால் மிக்சர் தங்கராஜ், "பேரீச்சம்பழத்துல ரெக்கைய ஒட்டி எடுத்திருக்கீரு, நல்லாத்தான் இருக்கு" என்றார். சலூனில் பேசினேன், பாதி முகத்தில் சோப்போடு எழுந்து நின்று பேசினேன். ரேஷன் வரிசையில் ராணி முட்டையிடுவதை விளக்கப் போய், முன்னால் நின்ற ரெண்டு பெண்கள் வரிசையை விட்டே போய்விட்டார்கள். ஒரு சடங்கு வீட்டுப் பந்தியில் எறும்புகள் இரையைத் துண்டு போடுவதைச் சொன்னபோது பக்கத்து இலைக்காரர் கோழித் தொடையைக் கீழே வைத்துவிட்டார்.

"அப்போ அந்தத் தையலு?" என்று லாரி தங்கராஜ் மட்டும் விடாமல் கேட்டார்.

"அதுவும் நெசந்தான் அண்ணாச்சி" என்று கண்ணிமைக்காமல் சொன்னேன். ஒரு புளுகனைக் காப்பாற்றப் போய் நானும் புளுகினேன், என்ன செய்ய?

போன வாரம் டீக்கடைக்குப் போகிறேன். தூரத்தில் என்னைப் பார்த்ததும் மாஸ்டர் உள்ளே குரல் கொடுக்கிறார். "எறும்பு அண்ணாச்சி வாராரு, ஸ்ட்ராங்கா ஒண்ணு போடு." நான் திரும்பிப் பார்த்தேன், எனக்குப் பின்னால் யாரும் இல்லை. விசாரித்தால் ஒரு மாதமாகவே அதுதான் என் பெயராம். சலூன், ரேஷன் கடை, யார்டு எல்லா இடத்திலும் பரவிவிட்டதாம். எனக்கு மட்டும்தான் தெரியவில்லை.

உனக்கென்று மூன்று மாதம் தொண்டை கிழியக் கத்தி வாங்கின பெயர் என் மேல் ஒட்டிக்கொண்டது. தெருவுக்கு நீ இன்னும் புளுகுதான். முதலில் ஆத்திரம் வந்தது. டீயைக் குடிக்காமல் வீட்டுக்கு வந்து, விசிறியைப் போட்டுக்கொண்டு படுத்துவிட்டேன். நீ அன்றைக்கு அந்த டீயை எப்படிக் குடித்தாய் என்று அப்போதுதான் நினைத்துப் பார்த்தேன்.

மறுநாள் பிளக்ஸ் கடைக்குப் போனேன். கம்ப்யூட்டரில் உட்கார்ந்திருந்த தம்பி, "அண்ணாச்சி, எந்தத் தங்கராஜு? பேருக்கு முன்னால என்ன போட?" என்று கேட்டான். லாரி தங்கராஜ் முகம் ஒரு கணம் வந்து போனது. ஒவ்வொரு சொல்லாக நிறுத்திச் சொன்னேன். அவன் அடித்ததை அப்படியே எழுதுகிறேன்: "எறும்பு அண்ணாச்சியின் தங்கச்சி மாப்பிள்ளை தங்கராஜ்."

எனக்கு ஒரே ஒரு தங்கச்சி. அவளுக்கு ஒரே ஒரு மாப்பிள்ளை. எந்த வேனும் இனி வீடு மாறிப் போகாது. வசந்தி அதை இரண்டு தடவை படித்துவிட்டு, "இது போதும்ணே" என்றாள். கல்யாணப் படம் வேண்டாம் என்று கெஞ்சி, நீ பைக்கில் உட்கார்ந்திருக்கிற படத்தை வாங்கியிருக்கிறேன்.

மாப்ள, உனக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறேன். இனி யார் எந்தப் பந்தியில் உட்கார்ந்து எவ்வளவு நம்ப முடியாததைச் சொன்னாலும், சிரிப்பதற்கு முன்னால் "அப்புறம்?" என்று ஒரு தடவையாவது கேட்பேன். உன்னிடம் அதைத்தான் கேட்காமல் போனேன். எட்டு வருஷக் காட்டில் எத்தனை கதை மிச்சம் இருந்ததோ, எல்லாவற்றையும் நீயே எடுத்துக்கொண்டு போய்விட்டாய்.

இப்படிக்கு,
உன் மச்சான்
எறும்பு